போதும் என்று சொன்ன பிறகு

என்னை மன்னித்துவிட்டதாக அவர் ஊருக்கெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறார் என்பது எனக்குப் பேருந்தில்தான் தெரிந்தது. பக்கத்து இருக்கைக்காரர் விரித்து வைத்திருந்த பத்திரிகையில் அவருடைய பேட்டி அரைப்பக்கத்துக்கு வந்திருந்தது. வாழ்நாள் சாதனைக்கு விருது கொடுக்கிறார்களாம். விழாவில் அவரைப் பற்றி ஒரு படம் போடுகிறார்களாம். அதைத் தொகுக்க என்னையே கூப்பிடப்போகிறாராம். ‘தவறு செய்யாத மனிதர் உண்டா? அந்த அம்மாவை நான் என்றைக்கோ மன்னித்துவிட்டேன்’ என்பதைக் கொட்டை எழுத்தில் போட்டிருந்தார்கள். நான் இறங்க வேண்டிய நிறுத்தம் தாண்டிப் போனதுகூட உறைக்கவில்லை. எனக்குக் கோபம் வந்தால் முதலில் காது அடைக்கும். வாய் திறக்கக் கொஞ்ச நேரமாகும்.

அவர் இயக்குநர். பழங்குடி மக்களைப் பற்றி ஆவணப்படம் எடுப்பவர். எதிரில் சார் என்போம், முதுகுக்குப் பின்னால் மகான் என்போம். எந்த மலையில், எந்தக் காட்டில் நாலு குடும்பம் யார் தொந்தரவும் இல்லாமல் இருந்தாலும் கேமராவோடு போய் நின்றுவிடுவார். அங்கிருந்து அவர் அள்ளிக்கொண்டு வருவதைப் பிரித்து, உதறி, ஒட்டி, படமாக்கித் தருவது என் வேலை. ஜன்னல் இல்லாத எடிட்டிங் அறையில் என் வயதின் நல்ல பாதி போயிற்று. அந்த மலைகளில் நான் கால் வைத்ததே இல்லை. ஆனால் அந்த மனிதர்களை எனக்குத் தெரியும். யார் பொய் சொல்வதற்கு முன் காதைச் சொறிவார், எந்தப் பிள்ளை சட்டைக் காலரைக் கடிக்கும் என்று இப்போது கேட்டாலும் சொல்வேன். மகானுக்கு வேண்டியது சூரிய உதயம், சுருக்கம் விழுந்த கை, பின்னணியில் புல்லாங்குழல். நான் குழலை எடுப்பேன், அவர் திரும்ப வைப்பார். இப்படியே வருஷங்கள் ஓடின.

அவரிடம் ஒரு வித்தை இருந்தது. பேட்டி எடுக்கும்போது ஒரு கட்டத்தில் “போதும்” என்பார். எழுந்து சோம்பல் முறிப்பார், தண்ணீர் கேட்பார். பேசிக்கொண்டிருந்தவர் அப்பாடா என்று உட்காருவார். ஆனால் கேமரா நிற்காது. அதன் சிவப்பு விளக்கின் மேல் முன்கூட்டியே கறுப்பு டேப் ஒட்டியிருக்கும். ‘போதும்’ என்றால் எங்கள் பட்டறையில் ‘இப்போதுதான் ஆரம்பம், விட்டுவிடாதே’ என்று பொருள். “கேமரா முன்னாடி மூஞ்சிதான் பேசும். போதும்னு சொன்ன பிறகுதான் மனுஷன் பேசுவான்” என்று கல்லூரிகளில் போய்ப் பாடம் எடுப்பார். மாணவர்கள் கை தட்டுவார்கள்.

தேன்காரி மாட்டிக்கொண்டது அந்த வித்தையில்தான். பாறை உச்சியில் கொடிக் கயிறு கட்டி, தொங்கிக்கொண்டே தேன் எடுக்கும் மக்களைப் பற்றி அவர் ஒரு படம் எடுத்தார். அந்தக் கூட்டத்தில் ஆண்களைவிடத் துணிச்சலாக இறங்குகிறவள் இவள். காலை முழுக்கத் தேனீ, புகை, கயிறு என்றுதான் பேசினாள். மகான் “போதும்” என்றார். அவள் கையைத் துடைத்துக்கொண்டு கேமராமேனைப் பார்த்து, கீழ்க் குடியிருப்புக்கு நெருப்பு வைத்தது யார் என்று சொன்னாள். மரக் காண்ட்ராக்டரின் பெயரைச் சொன்னாள். அவன் ஆட்கள் எந்தப் பக்கமாக வந்தார்கள், யார் கையில் எது இருந்தது, எல்லாவற்றையும் சொன்னாள். எங்கள் கேமராமேனுக்கு ஒரு கண் எப்போதும் கேமராவின் வியூஃபைண்டரில்தான் இருக்கும். அதனால் நாங்கள் அவரை ஒத்தக்கண்ணு என்போம். அந்தக் கண் அன்றைக்கும் அங்கேயேதான் இருந்தது.

ஏதோ கூட்டத்துக்காக மகான் அவளை நகரத்துக்குக் கூட்டிவந்தவர், வேலை இருக்கிறது என்று என் அறையில் உட்கார வைத்துவிட்டுப் போனார். திரையில் தன்னைப் பார்த்ததும் அவள் சிரித்தாள். நெருப்புப் பேச்சு வந்ததும் சிரிப்பு நின்றுவிட்டது.

“இதையும் புடிச்சீங்களா? முடிஞ்சுதுன்னு சொன்னாரே.”

“வேணாம்னா எடுத்துடறேன்மா” என்றேன்.

அவள் திரையிலிருந்த தன் முகத்தைத் தொட்டுப் பார்த்தாள். “எரிச்சது எரிச்சதுதானே அக்கா. யாராவது சொல்லத்தான் வேணும். ஆனா நான்னு தெரியக்கூடாது. தெரிஞ்சா அங்க இருக்க முடியாது.”

அவள் கண்ணெதிரே முகத்தை மறைத்தேன். குரலையும் மாற்றினேன். அவள் திரைக்குப் பக்கத்தில் போய்ப் பார்த்தாள், எட்ட நின்று பார்த்தாள், பிறகு வாய்விட்டுச் சிரித்தாள்.

“இதைப் பார்த்தா என் புருஷனே யாரோன்னு சொல்லிடுவான்!”

“இப்படித்தான் வெளிய போகும். என் பொறுப்பு” என்றேன்.

அப்படித்தான் கொடுத்து அனுப்பினேன். பெரிய திரையில் வந்தபோது மறைப்பு இல்லை. சுவர் அகலத்துக்கு அவள் முகம். அவளுடைய சொந்தக் குரலில் காண்ட்ராக்டரின் பெயர். அரங்கம் எழுந்து நின்று கை தட்டியதாம். காண்ட்ராக்டரின் ஆட்கள் அந்த வாரமே மலைக்குப் போனார்கள். அவள் வீட்டை எரித்தார்கள். வலது முழங்கையை அடித்து நொறுக்கினார்கள். அதற்குப் பிறகு அவளால் கயிறு பிடிக்க முடியவில்லை. எல்லாப் பக்கமிருந்தும் கேள்வி வந்ததும் மகான் தலையைக் குனிந்துகொண்டு ஒரு வரி சொன்னார். “எடிட்டிங் அறையில் நடந்த கவனக்குறைவு.” பழியை என் தலையில் கட்டிவிட்டுக் கையைக் கழுவிக்கொண்டார். என் கையில் ஒரு துண்டு ஆதாரம் இல்லை. எல்லாப் பிரதியும் அவர் வீட்டில் இருந்தது.

ஆவணப்படக்காரர்கள் யாரும் அதன் பிறகு என்னைக் கூப்பிடவில்லை. ஆளைக் கொல்லப் பார்த்த எடிட்டர் என்று ஒருவன் என் காதுபடவே சொன்னான். கல்யாண வீடியோ வெட்டினேன். தலைக்கவசம் அணியுங்கள் என்று தொழிற்சாலைகளுக்குப் படம் வெட்டினேன். தேன்காரி நகரத்துக்கே வந்துவிட்டாள், ஒரு லாட்ஜின் பின்கட்டில் துணி துவைக்கிறாள் என்று தெரிந்து தேடிப் போனேன். நனைந்த கையோடு கதவருகே வந்தாள். “மேடம், நீங்கதானே பொறுப்புன்னு சொன்னீங்க?” என்றாள். கதவைச் சாத்திக்கொண்டாள். அக்கா என்றவள் மேடம் என்றதுதான் இத்தனை வருஷமும் என்னை அரித்தது. மகான் என் பெயரைக் கெடுத்ததைக்கூட ஒருவேளை விட்டிருப்பேன்.

என் வீட்டுக்காரர் லிஃப்ட் மெக்கானிக். எதையும் கழற்றிப் பார்க்காமல் பேச மாட்டார். மகான் தொலைபேசியில் கூப்பிட்டதையும், நான் சரி என்று சொன்னதையும் சொன்னபோது கையில் இருந்த ஸ்பேனரைக் கீழே வைத்தார்.

“மன்னிச்சவர் கூப்பிட்டார்னு குடுகுடுன்னு ஓடறியா?”

“ஓடத்தான் போறேன்.”

“என்ன பண்ணப்போறே?”

“படம் வெட்டப்போறேன்.”

அவர் என் முகத்தையே பார்த்தார். “எதுக்கும் கத்திரிக்கோலை வீட்டுலயே வெச்சுட்டுப் போ” என்றார்.

பேட்டியை மகானின் வீட்டுக் கூடத்தில் எடுத்தோம். சுவர் முழுக்க அந்தந்த மக்களிடமிருந்து கொண்டுவந்த கூடை, வில், மணிமாலை, எல்லாவற்றுக்கும் கீழே சின்னச் சின்ன விளக்கு. தம்மை நன்றாகத் தெரிந்த ஆள்தான் கேள்வி கேட்க வேண்டும் என்று அவரே சொன்னதால் நான் எதிரில் உட்கார்ந்தேன். கேமரா பிடிக்க ஒத்தக்கண்ணு வந்திருந்தார். தலை முழுக்க நரைத்திருந்தது. அவரிடம் நான் முன்கூட்டி ஒரு வார்த்தை சொல்லவில்லை. சொல்ல வேண்டியும் இருக்கவில்லை. கேமரா முக்காலியை நிறுத்திய கையோடு பையிலிருந்து கறுப்பு டேப்பைக் கிழித்துச் சிவப்பு விளக்கின் மேல் ஒட்டினார். அவருக்கு அது பழகிய வேலை.

சர்க்கரைப் பாகில் தோய்த்த கேள்விகளாகக் கேட்டேன். மகான் குளிரக் குளிரப் பதில் சொன்னார். அந்த எளிய மக்களிடம் தாம் கற்றதை நினைத்து ஒரு தடவை கண் கலங்கினார். சரியாக வரவில்லை என்று அவரே சொல்லி இன்னொரு தடவை கலங்கினார்.

“போதும் சார்” என்றேன்.

எத்தனையோ பேரிடம் அவர் சொன்ன வார்த்தை. அதை மற்றவர் வாயால் கேட்பது அவருக்கு அதுதான் முதல்முறை. அவர் கேமராவுக்கு எதிரில் உட்கார்ந்ததே இல்லை அல்லவா? கேட்டதும் அவர்கள் எல்லோரும் செய்ததையே செய்தார். அப்பாடா என்று சாய்ந்தார், சட்டையின் மேல் பொத்தானைக் கழற்றினார், தண்ணீர் கேட்டார். மைக் காலரிலேயே இருந்தது.

நான் தண்ணீரை ஊற்றிக்கொண்டே பேச்சுவாக்கில் கேட்டேன். “உங்க படத்துலயே அந்தத் தேன் படம்தான் சார் உசத்தி. அந்த மறைப்பு எப்படி விட்டுப்போச்சுன்னுதான் எனக்கு இன்னும் புரியல. யோசிச்சு யோசிச்சு மண்டை காய்ஞ்சுபோச்சு.”

அவர் சிரித்தார். அன்பாகச் சிரித்தார், அதுதான் கொடுமை.

“பைத்தியம், இன்னுமா யோசிக்கிறே? நீ ஒழுங்காத்தான் மறைச்சிருந்தே. நான்தான் வேற ஸ்டுடியோவுல குடுத்து எடுக்கச் சொன்னேன்.”

“எதுக்கு சார்?”

“முகம் இல்லாம படம் ஏதும்மா? மூஞ்சியை அழிச்சு, குரலை மாத்திட்டா, பாக்கறவன் யாரைப் பார்த்து அழுவான்?”

“அவங்க வீட்டை எரிச்சுட்டாங்களே சார்.”

“எரிக்கிறவன் எப்படியும் எரிப்பான். படம் நின்னுச்சா இல்லையா?” தண்ணீரைக் குடித்து முடித்தார். “பிரச்சினைன்னு வந்தப்ப யார் மேலயாவது போட்டாகணும். என் பேர் கெட்டா அடுத்த படம் கிடையாது. உன் பேர் கெட்டா யாருக்கு என்ன நஷ்டம், சொல்லு? நீ தாங்குவேன்னு தெரியும், அதனாலதான் உன்மேல போட்டேன். ஒரு விதத்துல பார்த்தா அது உன்மேல இருந்த நம்பிக்கைம்மா.”

எனக்குக் காது அடைத்தது. ஒத்தக்கண்ணு பக்கம் திரும்பிப் பார்த்தேன். அவர் கேமராவிலிருந்து கண்ணை எடுக்கவே இல்லை.

மறுநாள் லாட்ஜின் பின்கட்டுக்குப் போனேன். ஈரப் போர்வைகள் வரிசையாகத் தொங்கின. தேன்காரி இடது கையால் பிழிந்துகொண்டிருந்தாள், வலது கை வெறுமனே முனையைப் பிடித்திருந்தது. பதிவை என் போனில் போட்டுக் காட்டினேன். நின்றபடியே கடைசி வரை கேட்டாள். ‘படம் நின்னுச்சா இல்லையா’ என்ற இடத்தில் பிழிந்த போர்வையை மறுபடி வாளிக்குள் போட்டாள்.

“இதைத் திரையில போடப்போறேன். உங்களைப் பத்தின பேச்சு இது. கேக்காம செய்ய மாட்டேன்.”

“என் மூஞ்சி வருமா மேடம்?”

“வராது.”

“அன்னிக்கும் இதையேதான் சொன்னீங்க.”

அவள் தண்ணீரை உதறினாள். “என் மூஞ்சி வரக்கூடாது. அவர் மூஞ்சி வரட்டும். ஒளிய இடம் இல்லாம நிக்கறது எப்படி இருக்கும்னு அவரும் ஒரு நாள் பார்க்கட்டும்.”

விழாவுக்கு முன்பு படத்தைப் பார்த்து ஒப்புதல் தர மகான் எடிட்டிங் அறைக்கு வந்தார். பழைய படங்களிலிருந்து எடுத்த காட்சிகள், அவர் பேட்டி, கடைசியில் பெயர்கள். அவ்வளவுதான் அதில் இருந்தது. ‘போதும்’ என்பதற்குப் பிறகு வந்ததை நான் சேர்க்கவில்லை. தலையாட்டி ரசித்துக்கொண்டிருந்தவர், தேன் படத்தின் காட்சி வந்ததும் நாற்காலியைத் தட்டினார். தேன்காரியின் முகத்தை நான் மறைத்திருந்தேன்.

“இன்னும் உனக்கு அந்தப் பைத்தியம் தெளியலையா? எடு அதை. அந்த முகத்துக்காகத்தான் எனக்கு விருதே குடுக்கறாங்க.”

“சார், அவங்க இப்ப இந்த ஊர்லதான்…”

“எடுக்கறியா, வேற ஆளைப் பார்க்கட்டுமா?”

வேறு ஆள் வந்தால் எல்லாம் போயிற்று. பல்லைக் கடித்துக்கொண்டு அவர் எதிரிலேயே மறைப்பை எடுத்தேன். அவள் முகம் திரையில் வந்து நின்றது, நேராக என்னைப் பார்த்தது. மகான் எழுந்து என் தோளைத் தட்டினார். “இதுதான் படம். இதையே போடு” என்று சொல்லிவிட்டு, தாமே போட்ட அந்தக் குழல் இசையை முணுமுணுத்துக்கொண்டு போனார்.

அவர் படியிறங்கும் சத்தம் ஓய்ந்ததும் மறைப்பைத் திரும்ப வைத்தேன். குரலையும் மாற்றினேன். பெயர்களுக்குப் பின்னால் கொஞ்சம் இருட்டு விட்டு, அந்த இருட்டுக்குப் பின்னால் என் குரலை ஒட்டினேன். கூட இருந்து பார்த்த ஒத்தக்கண்ணு தாடையைச் சொறிந்தார்.

“அவர் சரின்னது ஒரு காப்பி, நீ அனுப்பறது ஒரு காப்பி. அவர் உனக்குச் செஞ்சதையே திருப்பிச் செய்யறே.”

“ஆமா அண்ணே. அதையேதான் செய்யறேன்.”

“மறைப்பை அவர்தான் எடுத்தார்னு எனக்கு அன்னிக்கே தெரியும்மா. அடுத்த படத்துக்குக் கூப்பிட மாட்டாரோன்னு வாயை மூடிட்டு இருந்துட்டேன்.”

“தெரியும் அண்ணே. அதுக்கு உங்களைத் திட்ட ஒரு நாள் ஒதுக்கி வெச்சிருக்கேன். முதல்ல இது முடியட்டும்.”

விழா அரங்கம் நிறைந்திருந்தது. மகான் முன்வரிசையில் நடுநாயகமாக உட்கார்ந்திருந்தார். கையில் விழா மலர், அதன் அட்டையில் அவருடைய சிரித்த முகம். நான் பின்கதவுக்குப் பக்கத்தில் நின்றேன். ஒத்தக்கண்ணு விழாவைப் பதிவு செய்யக் கேமராவோடு பக்கச் சுவரை ஒட்டி நின்றிருந்தார். விளக்கு அணைந்தது. படம் ஓடியது, அவ்வப்போது கைதட்டல் எழுந்தது. தேன் படக் காட்சி வந்தது. முகம் இருக்க வேண்டிய இடத்தில் மறைப்பு இருந்தது. முன்வரிசையில் ஒரு தலை சடாரென்று பின்னால் திரும்பியது. என்னைத் தேடியது. இருட்டில் நான் தெரிந்திருக்க மாட்டேன். நான் இன்னும் தவறு செய்கிறேன் என்றுதான் நினைத்திருப்பார். அவருக்குத் தெரிந்தவரை தவறு என்பது நான் செய்வதுதானே.

பெயர்கள் ஓடின. எல்லோரும் எழுந்து கை தட்டினார்கள். அவரும் எழுந்து கும்பிட்டார். திரை இருண்டது. நாற்காலிகள் மடங்கும் சத்தத்துக்கு நடுவே என் குரல் அரங்கம் முழுக்கக் கேட்டது. “போதும் சார்.”

திரையில் மகான் அப்பாடா என்று சாய்ந்தார். பொத்தானைக் கழற்றினார், தண்ணீர் கேட்டார். கிளம்பியவர்கள் இதென்ன என்று நின்றார்கள். ‘நீ ஒழுங்காத்தான் மறைச்சிருந்தே’ என்று அவர் சொன்னபோது சிலர் திரும்ப உட்கார்ந்தார்கள். ‘எரிக்கிறவன் எப்படியும் எரிப்பான்’ என்றபோது வாசல்வரை போனவர்களும் திரும்பி வந்தார்கள்.

“போதும்!” என்று மகான் முன்வரிசையிலிருந்து கத்தினார். “போதும்! போதும்னு சொல்றேன்ல!”

அந்த வார்த்தைக்கு எங்கள் பட்டறையில் யாரும் எதையும் நிறுத்துவதில்லை. ஒத்தக்கண்ணு திரையிலிருந்து கேமராவைத் திருப்பி அவர் மேல் வைத்தார். கூட்டமும் அந்தப் பக்கம் திரும்பியது. மகான் பக்கத்து வழியாகப் போகப் பார்த்தார், அங்கே ஆட்கள் நின்றார்கள். இந்தப் பக்கம் வந்தார், இங்கேயும் நின்றார்கள். கடைசியில் விழா மலரைத் தூக்கி முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டார். திரையில் அவர் இன்னும் பேசிக்கொண்டிருந்தார். எனக்கு மனம் குளிர்ந்தது. பாவம் என்று ஒரு நொடிகூடத் தோன்றவில்லை, தோன்றியது என்று சொன்னால் பொய்.

மறுநாள் காலையில் லாட்ஜுக்குப் போனேன். தேன்காரி வாளியைக் கவிழ்த்துப்போட்டு எனக்கு உட்கார இடம் கொடுத்தாள். தான் நின்றுகொண்டே கேட்டாள்.

“என் மூஞ்சி?”

“வரல.”

“அவர் மூஞ்சி?”

நான் சொல்ல வாயெடுப்பதற்குள் போன் அடித்தது. அவர்தான். ஸ்பீக்கரில் போட்டேன். பின்கட்டின் ஈரத் தரையில் மகானின் குரல் விழுந்தது. இரவெல்லாம் கத்தியிருப்பார் போலிருந்தது, தொண்டை கட்டியிருந்தது.

“அம்மா… நேத்து அந்தக் கேமராக்காரன் என்னைப் புடிச்சானே, ஹாலுல… அந்தப் பதிவு எடிட்டுக்கு உன்கிட்டதான் வருமாம். அதை வெளிய விட்டுடாதே. விட்டுத்தான் ஆகணும்னா என் முகத்தையாவது மறைச்சுடும்மா. என்னால தெருவுல இறங்க முடியல. வாசல்ல ஆள் நிக்கறாங்க. எனக்கும் குடும்பம் இருக்கு.”

தேன்காரியைப் பார்த்தேன். அவள் முழங்கையைத் தடவிக்கொண்டு போனையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு இல்லை என்று தலையசைத்தாள்.

“முகம் இல்லாம படம் ஏது சார்?” என்றேன்.

அந்தப் பக்கத்திலிருந்து அழுகைச் சத்தம் வந்தது. கூடத்தில் எனக்காக அழுதுகாட்டிய அழுகை இல்லை இது, எடிட்டருக்கு வித்தியாசம் தெரியும். இதற்கு மேல் என்ன இருக்கிறது என்று போனை வைக்கப் போனேன்.

தேன்காரி என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள். துவைத்துத் துவைத்துத் தோல் ஊறிய கை.

“வெச்சுடாதீங்க அக்கா,” என்றாள். “இன்னும் கொஞ்சம் பேசட்டும்.”